பூசி மெழுகாமல்

ரூஸ்தாவி கார்ச் சந்தையில் மூன்றாம் வரிசை,
கடைசித் தண்ணீர்க்குழாய் என்னுடையது.
போத்தி துறைமுகத்தில் இறங்கி இங்கே வருகிறவற்றில் பாதி
அமெரிக்காவில் ஒருமுறை செத்தவை.
கழுவி, மெழுகிட்டு, வெயில் பார்க்க நிறுத்திவைப்பேன்.

மார்ச்சில் ஜும்பெர் அந்தப் புட்டியைக் கொண்டுவந்தான்.
கிரிஸ்டாவெல்.
கறுப்புப் புட்டி, வெள்ளி மூடி,
ஆறு மாதம் கண்ணாடியாக இருக்கும் என்று
நான்கு மொழிகளில் சத்தியம்.
விலை என் ஒன்றரை நாள் கூலி.
"பன்னிரண்டு எடுத்தால் ஒன்று சும்மா, மக்வாலா."
சும்மா என்று யார் சொன்னாலும்
என் கை பைக்குள் போய் மூடிக்கொள்ளும்.
ஒன்றுதான் வாங்கினேன்.

என் பழைய ஓப்பலின் பானெட்டை
நடுவில் நாடா ஒட்டிப் பிரித்தேன்.
இடப்பக்கம் கிரிஸ்டாவெல்.
வலப்பக்கம், பத்து லிட்டர் கேனில் வரும்
பெயரில்லாத மெழுகு, மண்ணெண்ணெய் வாடை.
முசுக்கொட்டை மரத்தடியில் நிறுத்தினேன்,
வேண்டுமென்றே.
பறவைகளுக்கு விளம்பரம் வாசிக்கத் தெரியாது.

அட்டைப்பெட்டி மூடியில் எழுதிவைத்தேன்:
ஏப்ரல் நான்கு, மழை.
இடது, துளிகள் மாதுளை முத்து.
வலது, தட்டைப் பரங்கி விதை.
ஏப்ரல் இருபது, எஃகாலைத் தூசி.
இரண்டு பக்கமும் ஒரே சாம்பல்.
இடது ஒரே துடைப்பில் போனது,
வலதுக்கு மூன்று, கொஞ்சம் வசவும்.
மே கடைசி, பழம் கொட்டுகிறது.
இடது ஊதா. வலது கறுப்பு.
ஜூன் பதினொன்று.
இடதிலும் மாதுளை படுத்துவிட்டது.

ஆறு மாதம் என்றார்கள், மூன்றுகூட நிறையவில்லை.
சொன்னதில் பாதி.
இந்தச் சந்தையில் பாதி என்றால்
கையெடுத்துக் கும்பிடலாம்.
வாங்கலாம் என்று எழுதப் பேனா தேடினேன்.

பேனா கிடைப்பதற்குள் ஜும்பெரின் சுபாரு வந்தது,
சனிக்கிழமைக்குத் தயார் செய்ய.
அதன் பின்கதவைக் குளிர்காலத்தில்
நானேதான் பட்டி வைத்துத் தேய்த்து
வண்ணம் அடித்தேன்.
புட்டியில் மிச்சமிருந்ததை அதில் போட்டேன்.

வெயில் ஏறியது.
என் ஒட்டைத் தேடினேன்.
குனிந்து பார்த்தேன். பக்கவாட்டில் பார்த்தேன்.
டார்ச் அடித்துப் பார்த்தேன்.
காணோம்.
நான் போட்ட ஒட்டு, எனக்கே காணோம்.
விரலை வைத்தபோதுதான்
ஓரிடத்தில் லேசாக ஒரு மரத்துப்போன மேடு.

ஆக, இது அந்த வேலைக்கான மெழுகு.
மழைக்கு மூன்று மாதம் தாங்கும்.
கண்ணுக்கு எதிராக நின்றால்
அசைக்க முடியாது.
விற்கிறவனுக்கு ஆறு மாதம் எதற்கு?
ஒரு சனிக்கிழமை போதும்.

சனிக்கிழமை அக்மெட்டாவிலிருந்து ஷோரெனா வந்தாள்,
பல் மருத்துவமனையில் உதவியாளர்,
கைப்பையில் ரப்பர் வளையம் போட்ட பணம்.
சுபாருவைச் சுற்றி வந்து
என்னிடம்தான் கேட்டாள்,
"என்ன போடுகிறீர்கள் இதற்கு?
நானும் ஒன்று வாங்கலாமா, நல்லதுதானா?"

தேநீர்க் கடையிலிருந்து ஜும்பெர் பார்த்துக்கொண்டிருந்தான்.
நான் பதில் சொல்லவில்லை.
வாளியில் பாத்திரம் கழுவும் சோப்பைக் கரைத்தேன்,
நிறையவே கரைத்தேன்.
பின்கதவை இரண்டு முறை தேய்த்து
தண்ணீர் விட்டேன்.
குளம் வற்றிய கரைபோல
கோடு மெல்ல எழுந்து வந்தது.

ஷோரெனா நகத்தை அதில் வைத்தாள்.
"நிரப்பியிருக்கிறது," என்றாள்,
வாயைத் திறந்து வைத்திருப்பவரிடம் சொல்கிற குரலில்.
"ஆழமா?"
"இல்லை. கதவு மட்டும்தான்.
தூண் நேராக இருக்கிறது, நானே அளந்தேன்."

அதன்பின் ஒரு மணி நேரம் பேரம்.
வண்டி போனது, ஜும்பெர் நினைத்த விலைக்கு அல்ல.
இரண்டு வாரமாக என் குழாயைத் தாண்டும்போது
அவனுக்குத் திடீரென்று போன் வருகிறது.

அட்டையில் கடைசி வரியை நேற்று எழுதினேன்:
கிரிஸ்டாவெல். வாங்கலாம்.
முதலில் காரை.